13 வருஷம் படமே எடுக்க முடியல... திரும்பி வந்து ஒரு நாட்டையே சிரிக்க வைத்தார்! - இயக்குநர் க்ரேஷோ கோலிக் கதை

குரோஷியான்னு சொன்னதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வரும்? லூகா மோட்ரிச், சிவப்பு வெள்ளை கட்டம் போட்ட ஜெர்சி, நீலக் கடல், 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' எடுத்த டுப்ரோவ்னிக் கோட்டை. அவ்வளவுதான் இல்லையா? அந்த நாட்டுக்காரங்ககிட்ட போய், உங்க ஊர் சினிமாவுல எந்தப் படத்தோட வசனம் எல்லோருக்கும் மனப்பாடம்னு கேட்டா, 1970-ல வந்த ஒரு காமெடிப் படத்தோட பெயரைத்தான் நிறைய பேர் சொல்லுவாங்க. அந்தப் படத்தை எடுத்தவர் க்ரேஷோ கோலிக்.

படம் ஜாலியான படம். எடுத்தவர் வாழ்க்கை அப்படியில்லை.

1922 மே 20-ம் தேதி, ஃபூஜினே என்ற மலையோரச் சிற்றூரில் பிறந்தவர் கோலிக். அவருக்கு 18 வயது இருக்கும்போது, 1941-ல் ஹிட்லரின் படைகள் யூகோஸ்லாவியாவுக்குள் புகுந்தன. குரோஷியப் பகுதியில் நாஜிகளின் ஆதரவோடு 'உஸ்தாஷா' என்ற பாசிச இயக்கம் ஆட்சிக்கு வந்தது. செர்பியர்கள், யூதர்கள், ரோமா மக்கள் எனப் பல்லாயிரக்கணக்கானவர்களை முகாம்களில் அடைத்துக் கொன்ற ஆட்சி அது. யாசெனோவாட்ஸ் முகாம்னு தேடிப் பார்த்தாலே போதும், அதுக்கு மேல விளக்கம் தேவைப்படாது.

அந்தக் காலத்துல, எழுத ஆசைப்பட்ட இளைஞனா இருந்த கோலிக், அந்த ஆட்சியின் பத்திரிகை உலகத்துக்குள்ள எழுதினார். இந்த ஒரு வரியை மறந்துடாதீங்க. பல வருஷம் கழிச்சு இது அவரைத் தேடி வரும்.

ஃபுட்பால், காதல், கப்பல் கட்டும் தளம்

1945-ல் போர் முடிந்தது. டிட்டோ தலைமையில் கம்யூனிஸ்ட்டுகள் ஆட்சிக்கு வந்தார்கள். குரோஷியாவுக்கென 1946-ல் 'யாத்ரான் ஃபிலிம்' என்ற அரசு ஸ்டுடியோ ஆரம்பிக்கப்பட்டது. சினிமா தெரிஞ்சவங்க ரொம்பக் குறைவு. கேமராவைப் பிடிக்கத் தெரிஞ்சா வேலை கிடைக்கும்ங்கிற நிலைமை. வானொலியில் விளையாட்டுச் செய்தியாளராக இருந்த கோலிக் அங்கே போய்ச் சேர்ந்தார். முதலில் தியேட்டரில் படத்துக்கு முன்னாடி ஓடும் செய்திப்படங்கள், அப்புறம் டாக்குமென்டரிகள்.

1950-ல் முதல் முழுநீளப் படம். பெயர் 'நீலம் 9'. அப்போ யூகோஸ்லாவியாவில் எடுத்த படங்கள் பெரும்பாலும் போர்க்களம், தியாகம், புரட்சி என்றுதான் இருக்கும். புது இயக்குநர் என்ன பண்ணினார்னா, கப்பல் கட்டும் தளத்தில் வேலை பார்க்கும் ஒரு ஃபுட்பால் வீரன், அவனைச் சுற்றி ஒரு காதல், கடைசியில் ஒரு மேட்ச் எனக் கதை வெச்சார். தொழிலாளர் பெருமை, உற்பத்தி இலக்கு மாதிரி கட்சிக்குப் பிடித்த விஷயங்களும் படத்துக்குள்ள உண்டு. ஆனா ஜனங்க வந்தது மேட்சுக்கும் காதலுக்கும்தான். படம் ஹிட். விளையாட்டுச் செய்தியாளரா மைதானத்துல நின்ன கண்ணு அந்த மேட்ச் காட்சிகள்ல நல்லாவே தெரியும்.

அடுத்த பெரிய படம் 1955-ல் வந்த 'பெண்ணும் ஓக் மரமும்'. இது முழுக்க வேற தினுசு. டால்மேஷியப் பகுதியின் வறண்ட பாறை நிலம், அங்கே வளரும் ஒரு பெண், ஒரு மரம். வசனத்தைவிடக் காட்சிகளால் கதை சொல்லும் படம். காமெடியும் வரும், கவிதையும் வரும் என்று இரண்டு படத்தில் காட்டிட்டார். வயசு 33. இதுக்கு மேல ஏறுமுகம்தான்னு யாருமே நினைச்சிருப்பாங்க.

கதவு சாத்தின நேரம்

அந்தச் சமயத்தில்தான் பழைய விஷயம் வெளியே வந்தது. உஸ்தாஷா காலத்தில் அவர் எழுதியது தெரியவந்ததும், கோலிக்கின் இயக்குநர் வாழ்க்கை அப்படியே நின்றது. ஸ்டுடியோ அரசுடையது, பணம் அரசுடையது, தியேட்டருக்குப் போகும் வழியும் அரசு கையில். தனியா ஒரு தயாரிப்பாளரைப் பிடிச்சுப் படம் எடுக்கலாம்ங்கிற கதையே கிடையாது. அங்கே வேண்டாம்னு சொல்லிட்டா, வேண்டாம்தான்.

1955-க்கு அப்புறம் அவருடைய அடுத்த முழுநீளக் கதைப்படம் வெளியானது 1968-ல். இடையில் 13 வருஷம். ஒரு இயக்குநரின் 33 வயசிலிருந்து 46 வயசு வரை. பொதுவா எல்லா இயக்குநர்களும் தங்களோட பெஸ்ட் படங்களை எடுக்கிற வயசு அது.

இந்த இடத்துல எனக்கு ஒரு தயக்கம் உண்டு. அவரை வெறும் பாவப்பட்டவரா மட்டும் காட்டிட்டுப் போறது சரியா இருக்காது. அந்த ஆட்சி செய்த கொலைகள் நிஜம், அதன் பத்திரிகைகளும் அந்த ஆட்சியின் ஒரு பகுதிதான். அதே நேரம், 20 வயசு சொச்சத்துல எழுதினதுக்கு, யாரையும் கொல்லாத ஒருத்தரின் தொழிலைப் பத்து வருஷத்துக்கு மேல முடக்கினதும் நிஜம். இது ரெண்டையும் ஒண்ணு இன்னொண்ணை அழிக்காம பக்கத்துல பக்கத்துல வெச்சுப் பார்க்கிறதுதான் நேர்மைன்னு தோணுது. பத்து வருஷம் முன்னாடி போட்ட ஸ்டேட்டஸை யாராவது ஸ்க்ரீன்ஷாட் எடுத்து வெச்சிருப்பாங்களோன்னு பயப்படுற நம்ம தலைமுறைக்கு இந்தச் சிக்கல் ஒண்ணும் புதுசு இல்லை.

அவர் என்ன பண்ணினார்? நாட்டை விட்டுப் போகலை. சினிமாவையும் விடலை. மற்ற இயக்குநர்களிடம் உதவி இயக்குநராக வேலை பார்த்தார். ஹிட் படம் கொடுத்த இயக்குநர், அடுத்தவர் செட்டில் நடிகர்களை வரிசைப்படுத்திக்கிட்டு, ஷாட்டுக்கு எல்லாம் ரெடியான்னு பார்த்துக்கிட்டு நின்னார். அப்படி அவர் வேலை செய்தவர்களில் பிராங்கோ பாவர் முக்கியமானவர். அவரும் குரோஷிய சினிமாவின் பெரிய பெயர். பாவர் எடுத்த படங்கள்லயும் கதையைச் சுத்தி வளைக்காம, பார்க்கிறவங்களுக்குப் புரியுற மாதிரி சொல்ற பழக்கம் உண்டு. கோலிக் பின்னாடி எடுத்த படங்களைப் பார்க்கும்போது, இந்த வருஷங்கள் முழுக்க வீணாப் போச்சுன்னு சொல்ல மனசு வரலை.

காலை 3 மணி டு இரவு 10 மணி

1966-ல் அவருக்கு ஒரு குறும்படம் எடுக்க வாய்ப்பு கிடைத்தது. சுமார் 14 நிமிஷ டாக்குமென்டரி. பெயரே 'மூன்றிலிருந்து இருபத்திரண்டு வரை'. இருபத்திரண்டுன்னா இரவு 10 மணி.

ஜாக்ரெப் நகரத்தில் ஜவுளி ஆலையில் வேலை பார்க்கும் ஒரு பெண். விடியற்காலை 3 மணிக்கு எழுந்திருக்கிறார். குழந்தையைக் கவனிக்கணும், கிளம்பணும், ஆலைக்குப் போகணும். அங்கே காதைப் பிளக்கிற மெஷின் சத்தத்துக்கு நடுவுல ஷிஃப்ட் முழுக்க வேலை. முடிச்சுட்டுக் கடைக்கு, திரும்ப வீட்டுக்கு, சமையல், துணி துவைக்கிறது, குழந்தை. இரவு 10 மணிக்குப் படுக்கை. திரும்ப 3 மணிக்கு எழுந்திருக்கணும். படம் அவ்வளவுதான்.

பின்னணிக் குரல் கிடையாது. பேட்டி கிடையாது. இந்தப் பெண்ணின் நிலையைப் பாருங்கள் என்று யாரும் நமக்குப் பாடம் எடுக்கலை. ஆனா யோசிச்சுப் பாருங்க. தொழிலாளர்களின் சொர்க்கம்னு சொல்லிக்கிட்ட ஒரு நாட்டில், பெண்ணுக்குச் சம உரிமை கொடுத்துட்டோம்னு போஸ்டர் ஒட்டின நாட்டில், ஆலையில் ஒரு ஷிஃப்ட் முடிச்ச பெண்ணுக்கு வீட்டில் இன்னொரு ஷிஃப்ட் காத்திருக்குன்னு கேமராவை வெச்சுக் காட்டினது சாதாரண விஷயமா? ஒரு வார்த்தைகூட எழுதாம அதைச் செய்தார். எழுதின வார்த்தைகளுக்காகத் தண்டனை அனுபவிச்ச மனுஷன் வார்த்தையே இல்லாத படத்தோட திரும்பி வந்தது தற்செயலாகக்கூட இருக்கலாம். எனக்கு என்னவோ அப்படித் தோணலை.

குரோஷியாவின் சிறந்த டாக்குமென்டரிகள்னு பட்டியல் போடுறவங்க இன்னைக்கும் இந்தப் படத்தை விடுறதில்லை.

பாடுறவங்க கெட்டதை நினைக்க மாட்டாங்க

அதுக்கப்புறம் கதவு திறந்தது. 1968-ல் 'எனக்கு இரண்டு அம்மா இரண்டு அப்பா'. விவாகரத்து ஆகி, அம்மாவும் அப்பாவும் தனித்தனியா வேற கல்யாணம் பண்ணிக்கிட்ட குடும்பத்தில் மாட்டிக்கிட்ட சிறுவனின் பார்வையில் போகும் கதை. இந்தக் காலத்துக்கு ரீமேக் பண்ணினாலும் கிட்டத்தட்ட எதையும் மாத்த வேண்டியதில்லை.

1970-ல் வந்தது அந்தப் படம். தலைப்பைத் தமிழில் சொன்னால், 'பாட்டுப் பாடுறவன் கெட்டதை நினைக்க மாட்டான்'. வியெகொஸ்லாவ் மாயெர் எழுதிய, பெரிட்சா என்ற சின்னப் பையனின் டைரி வடிவிலான கதையிலிருந்து எடுத்தது. 1935-ம் வருஷ ஜாக்ரெப். அப்பா ஃப்ரான்யோ ஷஃப்ரானெக் நல்ல மனுஷன், ஒயின் பிரியர், கொஞ்சம் முன்கோபி. அம்மா ஆனா அழகி. ஞாயிற்றுக்கிழமை குடும்பத்தோட பக்கத்து ஊரான ஸமோபோருக்குப் பிக்னிக் போகும் இடத்தில் மிஸ்டர் ஃபுலிர் அறிமுகமாகிறார். பளபள டிரெஸ், தேன் மாதிரி பேச்சு, பெண்களைக் கவர்றதே வேலை. அவர் கண் ஆனா மேல. அப்பாவி ஃப்ரான்யோவோ, குடும்பத்தில் கல்யாணமாகாம இருக்கும் மீனா ஆன்ட்டிக்கு ஒரு மாப்பிள்ளை சிக்கிட்டார்னு நினைச்சு அவரை வீட்டுக்கே கூப்பிடுறார். நடுவுல எல்லாத்தையும் பார்த்துக்கிட்டு, பாதி புரிஞ்சும் பாதி புரியாமலும் நமக்குக் கதை சொல்றான் பெரிட்சா. எல்லோரும் குடிக்கிறாங்க, சாப்பிடுறாங்க, பாடுறாங்க. அம்மாவாக நடித்த மிர்யானா போஹானெச் நிஜத்தில் ஓபெரா பாடகி, அதனால பாட்டுக்குப் பஞ்சமே இல்லை. ஃபுலிராக வந்த ரெல்யா பாஷிச்சுக்கு வாழ்நாள் அடையாளமே அந்தக் கேரக்டர்தான். க்ளைமாக்ஸை இங்கே உடைக்கலை, பார்த்துக்கோங்க.

இதில் என்ன பெருசு, ஒரு ஃபேமிலி காமெடிதானேன்னு தோணலாம். இதுக்கு முந்தின வருஷம் 1969-ல் யூகோஸ்லாவியாவில் வந்த பிரமாண்டம் 'நெரெட்வா போர்'. யூல் பிரின்னர், ஆர்சன் வெல்ஸ் எல்லாம் நடித்து ஆஸ்கர் பரிந்துரை வரைக்கும் போன போர்ப்படம். அப்படிப்பட்ட சூழலில், கட்சியும் இல்லாம புரட்சியும் இல்லாம, போருக்கு முந்தைய ஜாக்ரெப்பின் நடுத்தரக் குடும்பத்தை, அந்த ஊர் ஜனங்க பேசுற காய்காவிய வட்டார வழக்கிலேயே கோலிக் பேச விட்டார். யாரும் வில்லன் இல்லை. ஃபுலிர்கூட வில்லன் இல்லை, பாவம். கதை முடிஞ்ச ஆறு வருஷத்துல அதே தெருக்களில் உஸ்தாஷா கொடி பறக்கப் போகுதுன்னு பார்க்கிற எல்லோருக்கும் தெரியும். எடுத்தவருக்கு மற்ற எல்லோரையும்விட நல்லாத் தெரியும். படம் அதைப் பத்தி மூச்சே விடலை. அந்தப் பையனுக்கு அது தெரியாது, அவ்வளவுதான்.

டிவியில் போடப் போட, வருஷத்துக்கு வருஷம் இந்தப் படத்தின் மதிப்பு ஏறிக்கிட்டே போச்சு. 1999-ல் குரோஷிய விமர்சகர்களிடம் நடத்திய கருத்துக்கணிப்பில், அந்நாட்டின் எல்லாக் காலத்துக்குமான சிறந்த படமாக இதைத்தான் தேர்ந்தெடுத்தாங்க.

கிராமத்து டுடெக்

சினிமாவோட நிற்கலை. 1975-ல் 'க்ரூன்டொவ்சானி' என்ற டிவி தொடரை இயக்கினார். மொத்தமே 10 எபிசோடுதான். எழுதியவர் மிளாடென் கெர்ஸ்ட்னெர். பொட்ராவினா பகுதியில் ஒரு கிராமம். டுடெக்னு ஒரு ஏழை விவசாயி, யார் எது கேட்டாலும் நம்பிடுவான். சினோபெர்னு ஒரு தில்லாலங்கடி, டுடெக்கை ஏமாத்துறதே தொழில். நடுவுல டுடெக்கைத் திட்டித் தீர்க்கிற மனைவி ரெகிட்சா. வட்டாரப் பேச்சு அவ்வளவு கெட்டி. இருந்தும் நாடு முழுக்க ஹிட். அங்கே இன்னைக்கும் அப்பாவியா ஏமாறுறவனை டுடெக்னு கிண்டல் பண்ணினா எல்லோருக்கும் புரியும்.

அதுக்கப்புறம் எடுத்த எல்லாமே அதே உயரத்தில் இல்லை. 1978-ல் 'லியூபிட்சா', 80-களில் 'இன்ஸ்பெக்டர் வின்கோ' டிவி தொடர், கடைசியா 1988-ல் 'வில்லா ஆர்க்கிட்' என்ற படம். ஜாக்ரெப் நாடகக் கலை அகாடமியில் இளைஞர்களுக்குப் பாடமும் எடுத்தார்.

1991-ல் யூகோஸ்லாவியா உடைந்தது. மறுபடி போர். அது முடிந்து ஒரு வருஷத்துக்குள், 1996 செப்டம்பரில் ஜாக்ரெப்பில் கோலிக் காலமானார். வயது 74. அந்தக் கருத்துக்கணிப்பு நடந்தது அவர் போய் மூணு வருஷம் கழிச்சுத்தான்.

கோலிக்கைப் புதுசாப் பார்க்கப் போறவங்களுக்கு ஒரு சின்ன ஐடியா: காமெடிக்கு முன்னாடி அந்த 14 நிமிஷக் குறும்படத்தைப் பாருங்க. வசனம் புரியாதேங்கிற கவலை இல்லை, சப்டைட்டிலும் தேவைப்படாது. பார்த்து முடிச்சதும், உங்க வீட்டுல காலையில முதல்ல எழுந்திருக்கிறது யாரு, ராத்திரி கடைசியா லைட்டை அணைக்கிறது யாருன்னு ஒரு தடவை கவனிச்சுப் பாருங்க. அப்புறமா பெரிட்சாவோட ஸமோபோர் பிக்னிக்குக் கிளம்பலாம்.