ஜகந்நாதருக்கு நாள் பார்த்துக் கொடுத்தவர்!

பூரி ஜகந்நாதரின் தேரோட்டத்தைக் கண்டு சிலிர்த்திருப்பீர்கள். ஆஷாட மாத வளர்பிறை துவிதியைதான் அந்த நன்னாள். அந்தத் திதியே பிசகிப் போனால்?

இந்தக் கவலையைத் தன் வாழ்நாள் முழுக்கச் சுமந்த ஒரு மகானைப் பற்றித் தெரிந்துகொள்வோமா?

ஒடிசாவின் கண்டபடா அரச வம்சத்தில், 1835-ல் பிறந்தவர் சாமந்த சந்திரசேகர். முன்னே பிறந்த பிள்ளைகள் தங்காததால், இவரை ஒரு முஸ்லிம் பக்கீருக்கு விற்றதாகச் சடங்கு செய்து, 'பதானி' என்று செல்லப்பெயர் வைத்தார்களாம். இன்றும் ஒடிய மக்களுக்கு அவர் பதானி சாமந்தாதான்!

சிறு வயதிலேயே வானத்து நட்சத்திரங்களை அடையாளம் காணப் பழகினார். ஓலைச்சுவடிகளைப் படித்துக் கணக்குப் போட்டார். ஆனால், கணக்கு சொன்ன இடத்தில் கிரகங்கள் இல்லை!

சூரியனைவிட்டுச் சந்திரன் 12 பாகை விலகிச் செல்லும் காலமே ஒரு திதி. சந்திரன் நிற்கும் இடம் தவறினால் திதி தவறும். விரதமும் திருவிழாவும் நாள் மாறும். சுவாமிக்கு உரிய நாளில் உரிய பூஜை நடக்க வேண்டாமா?

தொலைநோக்கி கிடையாது, ஆங்கிலப் படிப்பும் கிடையாது. மூங்கில் குச்சிகளால் 'மான யந்திரம்' முதலான கருவிகளைத் தாமே செய்துகொண்டார். இரவு இரவாகக் கண்விழித்தார். உடல்நலம் குன்றியது, வறுமை வாட்டியது. விடவில்லை. சந்திரனின் ஓட்டத்தில் பழைய நூல்கள் சொல்லாமல் விட்ட மூன்று வேறுபாடுகளைக் கண்டறிந்து திருத்தினார்.

இவற்றையெல்லாம் 1869-ல் 'சித்தாந்த தர்ப்பணம்' என்ற நூலாக்கினார். சுமார் 2,500 சம்ஸ்கிருத சுலோகங்கள், ஒடிய எழுத்தில், பனையோலையில்! கட்டாக் கல்லூரிப் பேராசிரியர் ஜோகேஷ் சந்திர ராயின் முயற்சியால் 1899-ல் அது அச்சேறியது. 1893-லேயே ஆங்கிலேய அரசு அவருக்கு 'மகாமகோபாத்யாய' பட்டம் அளித்திருந்தது.

எல்லாவற்றையும்விடப் பெரிய பாக்கியம் எது தெரியுமா? ஜகந்நாதர் ஆலயத்தின் திருவிழாக்களுக்கு அவருடைய கணக்கின்படி நாள் குறிக்கப்பட்டதுதான். ஒடிய வீடுகளில் பஞ்சாங்கத்துக்கு 'பாஞ்சி' என்று பெயர். விரதமோ, கல்யாணமோ, அதைப் புரட்டாமல் எதுவும் தொடங்காது.

1904-ல், அந்தப் பூரி க்ஷேத்திரத்திலேயே அவர் உயிர் பிரிந்தது.

அடுத்த முறை பஞ்சாங்கத்தில் திதி பார்க்கும்போது, மூங்கில் குச்சியுடன் வானத்தைப் பார்த்து நின்ற அந்த மனிதரையும் ஒரு கணம் நினைத்துக்கொள்ளுங்கள்!