ஜேம்ஸ் நெய்ஸ்மித்

ஜேம்ஸ் நெய்ஸ்மித் (நவம்பர் 6, 1861 - நவம்பர் 28, 1939) கூடைப்பந்தாட்டத்தைக் கண்டுபிடித்தவர் ஆவார். கனடாவில் பிறந்த இவர் உடற்கல்வி ஆசிரியர், மருத்துவர், கிறித்தவ இறையியல் பயின்ற போதகர் எனப் பல நிலைகளில் பணியாற்றினார். 1891ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் ஐக்கிய அமெரிக்காவின் மாசச்சூசெட்ஸ் மாநிலத்திலுள்ள ஸ்பிரிங்ஃபீல்ட் நகரில் இவர் வகுத்த 13 விதிகளே இவ்விளையாட்டின் தொடக்கம் ஆகும். கல்லூரி அணிகளுக்கான தேசிய வாகையாளர் போட்டிகள் இவருடைய வாழ்வின் இறுதி ஆண்டுகளில் தோன்றின. அவற்றுள் ஒன்றின் தோற்றத்தில் இவருக்கும் பங்கு உண்டு.

இளமைக் காலம்

நெய்ஸ்மித் கனடாவின் ஒன்ராறியோ மாகாணத்தில் அல்மான்ட் என்னும் சிற்றூருக்கு அருகில் பிறந்தார். இவருடைய பெற்றோர் ஸ்காட்லாந்தைப் பூர்வீகமாகக் கொண்டவர்கள். அல்மான்ட், ஆற்று நீரின் விசையால் இயங்கிய கம்பளித் துணி ஆலைகளுக்குப் பெயர் பெற்ற ஊராகும். நொய்யல் ஆற்றங்கரையில் பின்னலாடைத் தொழிலால் வளர்ந்த திருப்பூரைப் போலவே இவ்வூரும் ஆலைகளைச் சார்ந்து வளர்ந்தது.

1870ஆம் ஆண்டில் நெய்ஸ்மித்தின் தந்தையும் தாயும் சில வார இடைவெளியில் டைஃபாய்டு காய்ச்சலால் இறந்தனர். அப்போது இவருக்கு வயது ஒன்பது. இவரும் உடன்பிறந்தோரும் முதலில் பாட்டியிடமும் பின்னர் தாய்மாமன் பீட்டர் யங்கிடமும் வளர்ந்தனர். பதின்ம வயதில் பள்ளிப் படிப்பை இடையில் நிறுத்திவிட்டு மரம் வெட்டும் முகாம்களில் வேலை செய்தார். சில ஆண்டுகளுக்குப் பின் மீண்டும் பள்ளியில் சேர்ந்து படிப்பை முடித்தார்.

சிறு வயதில் இவர் நண்பர்களுடன் ஆடிய விளையாட்டுகளுள் ஒன்று "பாறை மேல் வாத்து" என்பது. பெரிய பாறை ஒன்றின் மேல் வைத்த சிறு கல்லைத் தொலைவில் நின்று வேறொரு கல்லால் எறிந்து வீழ்த்த வேண்டும். நேராக வேகமாக எறிவதைவிட, கல்லை மேலெழுப்பி வளைவாக எறிவதே இதில் பயன் தரும். இந்த அனுபவம் பிற்காலத்தில் இவருக்கு உதவியது.

கல்வி

1883இல் மாண்ட்ரியல் நகரின் மெக்கில் பல்கலைக்கழகத்தில் சேர்ந்து 1887இல் இளங்கலைப் பட்டம் பெற்றார். அங்கு ரக்பி, லக்ரோஸ், சீருடற்பயிற்சி ஆகியவற்றில் ஈடுபட்டார். பின்னர் மாண்ட்ரியல் பிரெசுபிட்டேரியன் கல்லூரியில் இறையியல் பயின்று 1890இல் தேர்ச்சி பெற்றார். போதகராவதற்கு மாறாக, விளையாட்டின் வழியாகவும் இளைஞர்களின் ஒழுக்கத்தை வளர்க்க முடியும் என்று கருதி, ஸ்பிரிங்ஃபீல்டில் இருந்த கிறித்தவ இளைஞர் சங்கத்தின் (ஒய். எம். சி. ஏ.) பயிற்சிப் பள்ளியில் சேர்ந்தார்.

விளையாட்டின் தோற்றம்

ஸ்பிரிங்ஃபீல்டில் பனிக்காலத்தில் வெளியே ஆட இயலாது. உள்ளரங்கில் நடந்த உடற்பயிற்சிகள் மாணவர்களுக்குச் சலிப்பூட்டின. 18 மாணவர்களைக் கொண்ட ஒரு வகுப்பை அடக்கி நடத்த முடியாமல் இரு ஆசிரியர்கள் கைவிட்டனர். உடற்கல்வித் துறைத் தலைவரான லூதர் குலிக் அவ்வகுப்பை நெய்ஸ்மித்திடம் ஒப்படைத்து, உள்ளரங்கில் ஆடத்தக்க புதிய விளையாட்டு ஒன்றை 14 நாட்களுக்குள் உருவாக்குமாறு கேட்டுக்கொண்டார்.

அறிமுகமான விளையாட்டுகளை அரங்குக்குள் ஆடச் செய்த முயற்சிகள் தோல்வியடைந்தன. வீரர்கள் மோதிக் காயமடைந்தனர். இதன் பின் நெய்ஸ்மித் சிக்கலைப் பகுத்து ஆராய்ந்தார். ரக்பியில் ஒருவரை ஒருவர் பிடித்து வீழ்த்துவதற்குக் காரணம், வீரர் பந்துடன் ஓடுவதே. பந்துடன் ஓடுவதைத் தடை செய்தால் வீழ்த்த வேண்டிய தேவை இராது. இலக்கு தரைமட்டத்தில் செங்குத்தாக இருந்தால் பந்து வேகமாக எறியப்படும். அதைத் தலைக்கு மேலே, கிடைமட்டமாக அமைத்தால் வேகத்தைவிடக் குறி முக்கியமாகும். "பாறை மேல் வாத்து" விளையாட்டின் வளைவான எறிதல் இங்கு பயன்பட்டது.

பள்ளியின் பராமரிப்பாளர் கொண்டு வந்த இரண்டு பீச் பழக் கூடைகள் உள்ளரங்க மேல்தளத்தின் கைப்பிடியில் அடிக்கப்பட்டன. அக்கைப்பிடி தரையிலிருந்து 10 அடி உயரத்தில் இருந்தது. இன்றும் வளையத்தின் உயரம் 10 அடியே. 1891 டிசம்பர் 21 அன்று அணிக்கு ஒன்பது பேராக முதல் ஆட்டம் நடைபெற்றது. வில்லியம் சேஸ் என்பவர் போட்ட ஒரே கூடையால் ஆட்டம் 1-0 என முடிந்தது. கூடைகளுக்கு அடிப்பகுதி இருந்ததால் விழுந்த பந்தை ஏணி வைத்து எடுக்க வேண்டியிருந்தது.

முதல் விதிகள்

நெய்ஸ்மித் எழுதிய 13 விதிகள் தட்டச்சு செய்யப்பட்டு அறிவிப்புப் பலகையில் ஒட்டப்பட்டன. அவற்றுள் முக்கியமானவை:

* பந்தை ஒரு கையாலோ இரு கைகளாலோ எத்திசையிலும் எறியலாம். முட்டியால் குத்தக் கூடாது.
* பந்துடன் ஓடக் கூடாது. பந்தைப் பிடித்த இடத்திலிருந்தே எறிய வேண்டும்.
* எதிரணி வீரரை இடித்தல், பிடித்தல், தள்ளுதல், தடுக்கி விழச் செய்தல் ஆகியவை தவறுகள். இரண்டாம் முறை தவறு செய்பவர் அடுத்த கூடை விழும் வரை வெளியே இருக்க வேண்டும்.
* ஓர் அணி தொடர்ந்து மூன்று தவறுகள் செய்தால் எதிரணிக்கு ஒரு கூடை வழங்கப்படும்.
* ஆட்டம் 15 நிமிடங்கள் கொண்ட இரு பகுதிகளாக நடைபெறும். இடையில் ஐந்து நிமிட ஓய்வு உண்டு.

இவ்விதிகள் 1892 ஜனவரியில் பயிற்சிப் பள்ளியின் இதழில் வெளியாயின. சங்கத்தின் கிளைகள் வழியாக விளையாட்டு விரைந்து பரவியது. அருகிலுள்ள நார்த்தாம்ப்டன் நகரின் ஸ்மித் பெண்கள் கல்லூரியில் செண்டா பெரன்சன் என்னும் ஆசிரியை விதிகளைச் சற்று மாற்றி மாணவிகளுக்கு இதனைக் கற்பித்தார். நெய்ஸ்மித் தம் கண்டுபிடிப்பைக் கொண்டு செல்வம் ஈட்ட முற்படவில்லை.

கன்சாஸ் பல்கலைக்கழகத்தில்

நெய்ஸ்மித் 1894இல் மாட் ஷெர்மனை மணந்தார். இவர்களுக்கு ஐந்து குழந்தைகள். 1895இல் டென்வர் நகருக்குச் சென்று கிறித்தவ இளைஞர் சங்கத்தில் பணியாற்றிக்கொண்டே மருத்துவம் பயின்று, 1898இல் மருத்துவப் பட்டம் பெற்றார். அதே ஆண்டு லாரன்ஸ் நகரிலுள்ள கன்சாஸ் பல்கலைக்கழகத்தில் உடற்கல்விப் பணியிலும் வழிபாட்டுப் பணியிலும் அமர்ந்தார். அங்கு கூடைப்பந்து அணியையும் தொடங்கினார்.

1907 வரை இவர் நடத்திய அணி 55 ஆட்டங்களில் வென்று 60 ஆட்டங்களில் தோற்றது. கன்சாஸ் பல்கலைக்கழகக் கூடைப்பந்துப் பயிற்றுநர்களுள் வெற்றியைவிடத் தோல்வி மிகுந்தவர், விளையாட்டைக் கண்டுபிடித்த இவர் ஒருவரே. இவர் விளையாட்டை உடலையும் ஒழுக்கத்தையும் வளர்க்கும் வழியாகவே கண்டார். வெற்றிக்காகப் பயிற்றுவிப்பதில் இவருக்கு ஆர்வம் குறைவு. மாறாக, இவருடைய மாணவர் ஃபாக் ஆலன் பயிற்றுவித்தலையே தொழிலாக ஏற்று, அதே பல்கலைக்கழகத்தில் பல்லாண்டுகள் புகழ் பெற்ற பயிற்றுநராக விளங்கினார்.

முதலாம் உலகப் போரின்போது நெய்ஸ்மித் பிரான்சில் படைவீரர்களிடையே கிறித்தவ இளைஞர் சங்கத்தின் சார்பில் பணியாற்றினார். 1925இல் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார்.

பெர்லின் ஒலிம்பிக்

1936ஆம் ஆண்டு பெர்லின் ஒலிம்பிக்கில் கூடைப்பந்தாட்டம் முதன்முறையாகப் பதக்க விளையாட்டாகச் சேர்க்கப்பட்டது. பயிற்றுநர்கள் சங்கம் நிதி திரட்டி நெய்ஸ்மித்தை அங்கு அனுப்பி வைத்தது. திறந்தவெளி மண் தரையில் மழையில் நடந்த இறுதியாட்டத்தில் அமெரிக்கா கனடாவை 19-8 என்ற கணக்கில் வென்றது. பதக்கங்களை நெய்ஸ்மித் வழங்கினார்.

கல்லூரி வாகையாளர் போட்டிகள்

1937இல் எமில் லிஸ்டன் என்னும் பயிற்றுநரின் முன்முயற்சியால் கன்சாஸ் சிட்டியில் எட்டுக் கல்லூரி அணிகள் கலந்துகொண்ட தேசியப் போட்டி நடைபெற்றது. நெய்ஸ்மித் இம்முயற்சிக்குத் துணை நின்றார். பெரிய பல்கலைக்கழகங்களுடன் போட்டியிட வாய்ப்பில்லாத சிறிய கல்லூரிகளுக்கும் ஒரு தேசிய மேடை வேண்டும் என்பதே இதன் நோக்கம். மறு ஆண்டே இது 32 அணிகளாக விரிந்தது. இதுவே பின்னர் என். ஏ. ஐ. ஏ. போட்டி எனப் பெயர் பெற்றது.

1938இல் நியூயார்க்கில் ஆறு அணிகளைக் கொண்ட அழைப்புப் போட்டி ஒன்று தொடங்கியது. 1939 மார்ச்சில் என். சி. ஏ. ஏ. போட்டி நாட்டை எட்டு வட்டாரங்களாகப் பிரித்து, வட்டாரத்திற்கு ஓர் அணியுடன் முதன்முறையாக நடைபெற்றது. இறுதியாட்டத்தில் ஓரிகன் அணி ஒகையோ ஸ்டேட் அணியை 46-33 என வென்றது. அப்போட்டி பயிற்றுநர்கள் சங்கத்திற்கு நட்டத்தையே தந்தது.

போட்டியின் கட்டமைப்பு

இப்போட்டிகள் தோற்ற அணி உடனே வெளியேறும் நாக் அவுட் முறையில் அமைந்தவை. ஒவ்வோர் ஆட்டமும் ஓர் அணியை வெளியேற்றுவதால், மொத்த ஆட்டங்களின் எண்ணிக்கை அணிகளின் எண்ணிக்கையைவிட ஒன்று குறைவாக இருக்கும். எட்டு அணிகளுக்கு மூன்று சுற்றுகளும் 7 ஆட்டங்களும், 32 அணிகளுக்கு ஐந்து சுற்றுகளும் 31 ஆட்டங்களும் தேவை.

அணிகளின் எண்ணிக்கை 8, 16, 32 என அமையாதபோது சில அணிகள் முதல் சுற்றில் ஆடாமலே அடுத்த சுற்றுக்குச் செல்லும். இச்சலுகை "பை" எனப்படும். எடுத்துக்காட்டாக, 11 அணிகள் இருப்பின் 5 அணிகளுக்கு இச்சலுகை கிடைக்கும். மீதமுள்ள 6 அணிகள் மூன்று ஆட்டங்கள் ஆடி, இரண்டாம் சுற்றில் 8 அணிகள் எஞ்சும்.

என். சி. ஏ. ஏ. ஆண்கள் போட்டி 1985இல் 64 அணிகளாகவும், 2011இல் 68 அணிகளாகவும் விரிந்தது. 68 அணி அமைப்பில் முதலில் எட்டு அணிகள் நான்கு இடங்களுக்காக மோதும். எஞ்சும் 64 அணிகள் நான்கு பிரிவுகளில் பிரிவுக்கு 16 எனத் தரவரிசைப்படி அமர்த்தப்படும். முதல் தர அணி பதினாறாம் தர அணியுடனும், எட்டாம் தர அணி ஒன்பதாம் தர அணியுடனும் மோதும். வலிய அணிகள் தொடக்கத்திலேயே ஒன்றையொன்று வெளியேற்றாமல் இருக்கவே இந்த ஏற்பாடு. எனினும் 2018இலும் 2023இலும் ஆண்கள் போட்டியில் பதினாறாம் தர அணி முதல் தர அணியை வீழ்த்தியது. பெண்களுக்கான என். சி. ஏ. ஏ. போட்டி 1982இல்தான் தொடங்கியது.

ஜான் மெக்லெண்டன்

போட்டியின் அமைப்பைப் போலவே, அதில் எவருக்கு இடம் உண்டு என்பதும் கேள்வியாக இருந்தது. 1930களில் ஜான் மெக்லெண்டன் என்னும் கறுப்பின மாணவர் கன்சாஸ் பல்கலைக்கழகத்தில் உடற்கல்வி பயின்றார். நிறவேற்றுமை காரணமாக அவரால் பல்கலைக்கழக அணியில் ஆட இயலவில்லை. நெய்ஸ்மித் அவருக்கு வழிகாட்டியாக இருந்து இவ்விளையாட்டைக் கற்பித்தார்.

நெய்ஸ்மித் தோற்றுவிக்க உதவிய போட்டியிலும் 1948 வரை கறுப்பின வீரர்களுக்கு இடமில்லை. இத்தடையின் காரணமாக 1947இல் பயிற்றுநர் ஜான் வுடன் தம் இண்டியானா ஸ்டேட் அணிக்கு வந்த அழைப்பை மறுத்தார். மறு ஆண்டு தடை நீங்கி, அவ்வணியின் கறுப்பின வீரர் கிளாரன்ஸ் வாக்கர் களம் இறங்கினார். 1953இல் கறுப்பினக் கல்லூரிகளுக்கும் வழி திறக்கப்பட்டது. மெக்லெண்டன் பயிற்றுவித்த டென்னசி ஏ அண்டு ஐ அணி 1957, 1958, 1959 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் தொடர்ந்து பட்டம் வென்றது.

இந்தியாவில்

கிறித்தவ இளைஞர் சங்கமே இந்தியாவிலும் கூடைப்பந்தாட்டம் பரவக் காரணமாக இருந்தது. ஸ்பிரிங்ஃபீல்டில் பயின்ற ஹாரி குரோ பக் 1920இல் சென்னையில் ஒய். எம். சி. ஏ. உடற்கல்விக் கல்லூரியைத் தொடங்கினார். ஆண்களுக்கான முதல் தேசியப் போட்டி 1934இல் புது தில்லியில் நடந்தது. இந்தியக் கூடைப்பந்துக் கூட்டமைப்பு 1950இல் உருவானது.

இந்தியக் கல்லூரிப் போட்டிகளின் அமைப்பு அமெரிக்க அமைப்பிலிருந்து வேறுபட்டது. திருப்பூரின் சிக்கண்ணா அரசு கலைக் கல்லூரி, எல். ஆர். ஜி. அரசு மகளிர் கலைக் கல்லூரி ஆகியவை கோவை பாரதியார் பல்கலைக்கழகத்துடன் இணைந்தவை. இத்தகைய கல்லூரிகள் முதலில் பல்கலைக்கழக அளவில் தமக்குள் மோதுகின்றன. அதில் வெல்லும் கல்லூரி அப்படியே அடுத்த நிலைக்குச் செல்வதில்லை. பல கல்லூரிகளின் சிறந்த வீரர்களைத் தேர்ந்தெடுத்துப் பல்கலைக்கழக அணி அமைக்கப்படுகிறது. அவ்வணி தென்மண்டலப் போட்டியில் பிற பல்கலைக்கழகங்களைச் சந்திக்கிறது. தொடக்கச் சுற்றுகள் நாக் அவுட் முறையிலும், இறுதி நான்கு அணிகளின் ஆட்டங்கள் ஒவ்வோர் அணியும் மற்ற அணிகள் அனைத்துடனும் மோதும் லீக் முறையிலும் நடப்பது வழக்கம். நான்கு மண்டலங்களிலும் முதல் நான்கு இடங்களைப் பெறும் அணிகள், ஆக 16 அணிகள், அகில இந்தியப் போட்டிக்குத் தகுதி பெறுகின்றன. இவற்றை இந்தியப் பல்கலைக்கழகங்களின் சங்கம் நடத்துகிறது.

இதனால், முதல் சுற்றிலேயே தோற்ற கல்லூரியின் மாணவர் ஒருவரும் தம் திறமையால் பல்கலைக்கழக அணியில் இடம் பெற முடியும். அதே வேளையில், ஒரு சிறிய கல்லூரி தன் சொந்தப் பெயரில் தேசியப் பட்டம் வெல்லும் வாய்ப்பு இவ்வமைப்பில் இல்லை.

மறைவும் நினைவும்

நெய்ஸ்மித்தின் மனைவி மாட் 1937இல் காலமானார். 1939இல் நெய்ஸ்மித் ஃபுளோரன்ஸ் கின்கெய்டை மணந்தார். முதல் என். சி. ஏ. ஏ. போட்டி நடந்த அதே ஆண்டின் நவம்பர் 28 அன்று லாரன்ஸ் நகரில் மூளை இரத்தக் கசிவினால் காலமானார். விளையாட்டின் தோற்றம் பற்றி இவர் எழுதிய நூல் 1941இல் வெளியானது. ஸ்பிரிங்ஃபீல்டில் உள்ள கூடைப்பந்துப் புகழ் மண்டபம் இவருடைய பெயரைத் தாங்கியுள்ளது. 1959இல் அதில் சேர்க்கப்பட்ட முதல் குழுவினருள் இவரும் ஒருவர். மெக்லெண்டனும் பின்னாளில் அதே மண்டபத்தில் இடம் பெற்றார். இவருடைய 13 விதிகளின் மூலப் படி 2010இல் 43 இலட்சம் டாலருக்கு ஏலம் போனது. அது தற்போது கன்சாஸ் பல்கலைக்கழகத்தில் காட்சிக்கு வைக்கப்பட்டுள்ளது.