தனித் தீர்ப்பு எழுதிய சங்கரன் நாயர்

வேற்று மதத்தில் பிறந்த பெண்ணை நம் முறைப்படி மணந்தால் அந்தத் திருமணம் செல்லுமா? கடல் கடந்து வாழும் நம் குடும்பங்களில் கல்யாணப் பேச்சு எடுத்தாலே இந்தக் கேள்வி எழுந்துவிடுகிறது. சென்னை உயர் நீதிமன்றம் 1909-லேயே இதை விசாரித்திருக்கிறது. கைக்கோளர் வகுப்பைச் சேர்ந்த ஒருவர், கிறிஸ்தவராகப் பிறந்து இந்துவாக மாறிய பெண்ணை மணந்த வழக்கு அது. அந்த வகுப்பாரே வழக்கமாக ஏற்றுக்கொள்ளும் திருமணம், சாஸ்திரத்துக்கு முற்றிலும் பொருந்தாவிட்டாலும் செல்லும் என்று தீர்ப்பாயிற்று. அந்த அமர்வில் இருந்து விரிவாகத் தீர்ப்பெழுதியவர் சர் சேத்தூர் சங்கரன் நாயர்.

அன்னார் 1857-இல் பாலக்காட்டை அடுத்த மங்கரையில் பிறந்தார். மலபார் அப்போது சென்னை மாகாணத்தைச் சேர்ந்தது. சென்னை மாநிலக் கல்லூரியில் படித்து, 1880-இல் வக்கீல் தொழிலைத் தொடங்கினார். 1890-இல் மாகாணச் சட்டசபை உறுப்பினரானார். மலபாரில் சம்பந்தம் என்னும் மண உறவுக்குச் சட்டத்தின் பாதுகாப்பு இல்லாதிருந்தது. அதைப் பதிவு செய்ய வழிசெய்யும் மசோதாவைக் கொண்டுவந்தார். 1896-இல் அது சட்டமாயிற்று. ஆனால் பதிவு செய்ய முன்வந்தவர்கள் மிகச் சிலரே. சட்டம் முந்திக்கொண்டது, ஊர் பின்தங்கிவிட்டது எனலாம். 1897-இல் அமராவதியில் கூடிய காங்கிரஸ் மாநாட்டுக்குத் தலைமை வகித்தார். 1908-இல் நீதிபதி ஆனார்.

தமிழர்களாகிய நாம் அவரை நினைவில் வைக்க மற்றொரு வழக்கும் உண்டு. 1911 ஜூன் 17-ஆம் தேதி மணியாச்சி ரயில் நிலையத்தில் கலெக்டர் ஆஷை வாஞ்சிநாதன் சுட்டுக் கொன்றதை அடுத்து நடந்த சதி வழக்கு மூன்று நீதிபதிகள் முன் வந்தது. மற்ற இருவரும் ஆங்கிலேயர்கள். அவர்களுடன் முழுதும் உடன்படாமல் சங்கரன் நாயர் தனித் தீர்ப்பு எழுதினார். அவர் அந்த ஆட்சியில் சம்பளம் வாங்கியவர், 1912-இல் சர் பட்டமும் பெற்றவர் என்பதையும் சேர்த்தே இதைப் பார்க்க வேண்டும்.

1915-இல் வைஸ்ராயின் நிர்வாக சபையில் இடம் பெற்றார். 1919 ஏப்ரலில் ஜாலியன்வாலா பாக்கில் படுகொலை நடந்தது. பஞ்சாபில் இராணுவச் சட்டம் தொடர்ந்தது. ஜூலையில் அவர் பதவியைத் துறந்தார். இந்தியர் ஒருவருக்கு அதைவிட உயர்ந்த பதவி அந்நாளில் நாட்டில் இல்லை.

அதன்பின் நடந்ததுதான் விசித்திரம். 1922-இல் அவர் ஒரு நூல் எழுதினார். அது காந்தியடிகளின் ஒத்துழையாமை இயக்கத்தைக் கண்டித்து எழுதிய நூல்! இந்தக் கருத்தில் நமக்கு உடன்பாடு இல்லை. ஆனால் அதே நூலில் பஞ்சாப் கொடுமைகளுக்கு அங்கு லெப்டினன்ட் கவர்னராக இருந்த மைக்கேல் ஓ'டயரே பொறுப்பு என்றும் எழுதியிருந்தார். ஓ'டயர் லண்டனில் மான நஷ்ட வழக்குத் தொடுத்தார். (2025-இல் வந்த இந்தித் திரைப்படம், நாயர் ஆங்கிலேயர் மீது வழக்காடியதாகக் காட்டுகிறது. உண்மையில் கூண்டில் நின்ற பிரதிவாதி அவரே.)

1924-இல் ஐந்து வாரம் விசாரணை நடந்தது. சுட்ட ஜெனரல் டயர் செய்தது சரியே என்ற தம் கருத்தை நீதிபதி மக்கார்டி ஜூரிகளிடம் மறைக்கவில்லை. பன்னிரண்டு ஜூரிகளில் பதினொருவர் நாயருக்கு எதிராக நின்றார்கள். பேராசிரியர் ஹெரால்ட் லாஸ்கி ஒருவர் மட்டும் ஒப்பவில்லை. 500 பவுன் நஷ்ட ஈடும், அதைப் போலப் பல மடங்கு வழக்குச் செலவும் நாயர் தலையில் விழுந்தன. மன்னிப்புக் கேட்டால் பணத்தை விட்டுவிடுவதாக ஓ'டயர் தரப்பு சொல்லிற்று. மறு விசாரணை கேட்கவும் வழி இருந்தது. அறுபத்தேழு வயதை நெருங்கிய அவர் இரண்டையும் மறுத்துவிட்டுப் பணத்தைக் கட்டினார். 1934 ஏப்ரலில் காலமானார்.