ரேஞ்சர் படைத்தலைவர் ராபர்ட் ராஜர்ஸ்

அமெரிக்க ஐக்கிய நாட்டுச் சேனையில் ரேஞ்சர்கள் என்றொரு வகையினர் உளர். சிறு கூட்டமாய் மறைந்து சென்று, பகைவர் எதிர்பாரா வேளையில் தாக்கி மீள்வதே அன்னார் தொழில். அவர்கள் தம் முன்னோடியாகப் போற்றும் ராபர்ட் ராஜர்ஸின் சரிதம் வியப்பும் வருத்தமும் ஒருங்கே தருவதாகும்.

இவர் 1731-ஆம் ஆண்டில் மாசசூசெட்ஸில் பிறந்து, நியூ ஹாம்ப்ஷயர் எல்லைப்புறக் காடுகளில் வளர்ந்தார். தடம் அறிதலும் வேட்டையும் இளமையிலேயே கைவந்தன. 1755-இல் கள்ளநோட்டு வழக்கொன்றில் சிக்குண்டிருந்தபோது, பிரெஞ்சுக்காரரோடு நிகழ்ந்த போருக்கு ஆட்களைத் திரட்டிக்கொண்டு ஆங்கிலச் சேனையிற் சேர்ந்தார்.

1757-இல் தம் வீரர்க்கு 28 விதிகளை வகுத்தார். ஒரு குண்டுக்கு இருவர் இரையாகாதபடி இடைவிட்டு நடத்தல், சேற்று நிலத்தில் தடம் புலப்படாவண்ணம் பக்கம் பக்கமாய்ப் பிரிந்து செல்லல், விடியுமுன் அனைவரும் விழித்திருத்தல், சென்ற வழியே மீளாமை என்பன அவற்றுட் சில.

1759-இல் கனடாவிலிருந்த அபனாக்கி குடிகளின் செயின்ட் பிரான்சிஸ் ஊரை வைகறையிலே தாக்கித் தீக்கிரையாக்கினார். பெண்டிரையும் சிறுவரையும் கொல்லலாகாதென்பது மேலதிகாரியின் கட்டளை. கொல்லப்பட்டோர் 200 பேர் என்று ராஜர்ஸ் கணக்குக் கொடுத்தார். பிரெஞ்சுக்காரர் கணக்கிலோ சுமார் 30 பேரே. அவருட் பெரும்பாலோர் பெண்டிரும் சிறுவருமே. மீளும் வழியில் இவருடைய வீரர் பலர் பசியால் மாண்டனர்.

போர் முடிந்தபின் கடன் இவரைச் சூழ்ந்தது. வீரர்க்குக் கொடுக்கக் கைப்பொறுப்பில் வாங்கிய தொகை முழுவதையும் அரசாங்கம் ஈடுசெய்யவில்லை. 1768-இல் ராஜத்துரோகக் குற்றச்சாட்டினின்றும் விடுதலை பெற்றாரெனினும், லண்டனிற் கடன்காரர் சிறையில் அடைபட்டார். அமெரிக்க விடுதலைப் போரில் இவரை வாஷிங்டன் நம்பாது காவலில் வைக்க, தப்பிச்சென்று 1776-இல் மன்னர் தரப்பில் குவீன்ஸ் ரேஞ்சர்ஸ் படையை நிறுவினார். 1795-இல் லண்டனில் வறுமையிலே இறந்தார்.

எந்நாட்டை எதிர்த்து நின்றாரோ, அந்நாட்டுச் சேனையே 1942-இல் வட அயர்லாந்தில் தன் புதிய படைக்கு ரேஞ்சர் என்னும் பெயரைச் சூட்டியது. இவர் பெயரால் வழங்கும் கட்டளைகள் அப்படையினரின் கைந்நூலிலும் இடம்பெற்றன. கனடாவின் குவீன்ஸ் யார்க் ரேஞ்சர்ஸ் ரெஜிமெண்டும் இவர் வழியிலேயே தன் மரபைக் கூறுகின்றது.

பிறரைக் காக்கும் விதிகளை நுணுகி வகுத்தவர் தம் வாழ்வை நெறிப்படுத்த அறியாது போனார். படைகள் அவ்விதிகளை நினைவில் வைத்துள்ளன. எரியுண்ட ஊரோ ஓடனாக் என்னும் பெயருடன் இன்றும் அவ்விடத்தே உள்ளது. இவ்விரு நினைவுகளையும் சேர்த்தே ராஜர்ஸை அளத்தல் வேண்டும்.