மனத்தைத் தேடிய மருத்துவர்: வைல்டர் பென்ஃபீல்ட்

இந்தப் பக்கத்தைப் படித்துக்கொண்டிருக்கும்போதே உங்கள் வலக்கையைச் சற்று உயர்த்துங்கள். உயர்த்தியவர் யார்? நான்தான் என்பீர்கள். கனடாவின் மொண்ட்ரியல் நகரில், அறுவைச் சிகிச்சை மேசையில் விழித்தபடியே படுத்திருந்த நோயாளிகளிடம் ஒரு மருத்துவர் இதே கேள்வியைப் பலமுறை கேட்டார். அவர்களுடைய கைகளும் உயர்ந்திருந்தன. ஆனால் அவர்களோ, கையைத் தாங்கள் அசைக்கவில்லை, மருத்துவர்தான் அசைத்துவிட்டார் என்று சொன்னார்கள். மருத்துவரிடம் இருந்தது மெல்லிய மின்முனை ஒன்றுதான். திறந்திருந்த மூளையின் மேற்பரப்பை அது தொட்டதும் கை தானாக எழுந்தது.

விதியா மதியா என்று பட்டிமன்ற மேடைகளில் நாம் முழங்கியிருக்கிறோம். நடுவர் தீர்ப்புச் சொன்னதும் மறந்துவிட்டு விருந்துக்குப் போய்விடுகிறோம். இந்த மருத்துவரால் அப்படி மறக்க முடியவில்லை. அவர் பெயர் வைல்டர் பென்ஃபீல்ட்.

1891ஆம் ஆண்டு சனவரி 26ஆம் நாள் அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்து ஸ்போக்கேன் நகரில் பிறந்தவர் அவர். தந்தையும் மருத்துவரே. ஆனால் தந்தையின் தொழில் நொடித்துப்போக, எட்டு வயதுச் சிறுவனையும் மற்றப் பிள்ளைகளையும் அழைத்துக்கொண்டு தாயார் விஸ்கான்சின் மாநிலத்து ஹட்சன் எனும் சிற்றூருக்குக் குடிபெயர்ந்தார். மகன் ரோட்ஸ் உபகாரச் சம்பளம் பெற வேண்டும் என்று அவனது 13ஆம் வயதிலேயே குறி வைத்தவர் அந்தத் தாயார்தான். பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் படித்து, காற்பந்தாட்டத்திலும் பெயர் எடுத்து, கடைசியில் அந்த உபகாரச் சம்பளத்தோடு ஆக்ஸ்ஃபர்ட் போய்ச் சேர்ந்தார் பென்ஃபீல்ட்.

அங்கே வாய்த்த ஆசிரியர் சார்ல்ஸ் ஷெரிங்டன். பின்னாளில், 1932இல், நோபல் பரிசு பெற்றவர். மேல்மூளை நீக்கப்பட்ட பூனை ஒன்று எழுந்து நிற்பதையும், தொட்டால் காலை இழுத்துக்கொள்வதையும் ஷெரிங்டனின் ஆய்வுக்கூடத்தில் மாணவர்கள் கண்டார்கள். எண்ணமே இல்லாத உடல் இவ்வளவும் செய்யுமானால், எண்ணம் என்பது எங்கிருந்து தொடங்குகிறது? பென்ஃபீல்டின் வாழ்நாள் கேள்வி அங்கே விதையாக விழுந்தது எனலாம்.

1916 மார்ச் 24ஆம் நாள், பிரான்சிலிருந்த செஞ்சிலுவை மருத்துவமனையில் தொண்டாற்ற அவர் ஏறிச் சென்ற சசெக்ஸ் எனும் கப்பலை ஆங்கிலக் கால்வாயில் ஜெர்மன் நீர்மூழ்கி தாக்கியது. கப்பலின் முன்பகுதி பிளந்து போயிற்று, பலர் மாண்டனர். காலில் பலத்த காயத்தோடு பிழைத்த அவரை, புகழ்பெற்ற மருத்துவர் வில்லியம் ஓஸ்லர் தம் வீட்டில் வைத்துத் தேற்றினார். ஏதோ ஒரு பணிக்காகவே தாம் காப்பாற்றப்பட்டோம் என்ற எண்ணம் அந்நாளில் அவர் மனத்தில் பதிந்தது. விதியை நம்பாதவர்கூடச் சாவின் விளிம்பிலிருந்து திரும்பினால் இப்படித்தான் நினைப்பாரோ என்னவோ!

1918இல் மருத்துவப் பட்டம், நியூயார்க்கில் சில ஆண்டுகள் பணி, 1924இல் மூளை உயிரணுக்களுக்குச் சாயமேற்றும் நுணுக்கத்தைக் கற்க மாட்ரிட் பயணம். 1928இல் ஜெர்மனியின் பிரெஸ்லவ் நகரில் ஒட்ஃபிரிட் ஃபோர்ஸ்டர் என்பாரிடம் அவர் கற்ற பாடமே அவரது பெயரை நிலைநாட்டியது. மூளைக்குத் தனக்கென வலி உணர்வு கிடையாது. தலையின் தோலையும் எலும்பையும் மட்டும் மரத்துப்போகச் செய்துவிட்டால், நோயாளி பேசிக்கொண்டிருக்கும்போதே மூளையை ஆராயலாம். வலிப்பு எந்த இடத்தில் தொடங்குகிறது என்பதை நோயாளியின் வாயாலேயே அறிந்து, அந்தத் தழும்பை மட்டும் நீக்கலாம். பேச்சுக்குரிய பகுதியில் கத்தி படாமலும் காக்கலாம்.

அந்த ஆண்டே மொண்ட்ரியலில் பணியேற்றார். வந்து சில மாதங்கள்கூட ஆகவில்லை. அவருடைய அக்காள் ரூத் நோயாளியாக வந்து சேர்ந்தார்.

ரூத் ஆறு பிள்ளைகளின் தாய். இளமை முதலே வலிப்பு இருந்தது. இப்போது தாங்க முடியாத தலைவலியும் பார்வைக் குறைவும் சேர்ந்துகொண்டன. சொந்த இரத்த உறவை மருத்துவர் தாமே அறுக்கக்கூடாது என்பது எழுதாத விதி. ஆனால் அந்நகரில் மூளை அறுவையில் அவரைவிட அனுபவம் பெற்றவர் வேறெவரும் இல்லை. 1928 டிசம்பர் 11ஆம் நாள் தம்பியே கத்தியை எடுத்தார். அக்காள் விழித்திருந்தார். நெற்றிக்குப் பின்னாலுள்ள வலப்பக்க முன்மடலில் பெரிய கட்டி ஒன்று வேரோடிக் கிடந்தது. அந்த மடலின் பெரும்பகுதியையே அவர் நீக்க வேண்டியதாயிற்று. இரத்தம் ஏற்றி ஏற்றி அக்காளைப் பிழைக்கவைத்தார். ஆனால் கட்டியின் வேர் முழுவதையும் எடுக்க முடியவில்லை என்பது அவருக்குத் தெரியும்.

ரூத் தேறி வீடு திரும்பினார். பேச்சும் நினைவும் அன்பும் முன்போலவே இருந்தன. மேலோட்டமாகப் பார்ப்பவருக்கு ஒரு குறையும் தெரியாது. சுமார் 15 மாதங்கள் கழித்துத் தம்பி விருந்தாளியாக வந்தபோது, தம் வீட்டார் நால்வருக்கும் அவருக்குமாக எளிய இரவுணவு ஒன்றைத் தாமே சமைப்பதாக ஆசையோடு ஏற்பாடு செய்தார். முழு நாளும் கையில் இருந்தது. சாப்பாட்டு நேரம் வந்தபோது தம்பி சமையலறைக்குள் போய்ப் பார்த்தார். எல்லாப் பொருள்களும் அங்கே இருந்தன. ஒன்றிரண்டு பாத்திரங்கள் அடுப்பில் இருந்தன. காய்கறிக் கலவை ஆயத்தமாகவில்லை. இறைச்சியை இன்னும் தொடவே இல்லை. நடுவில், எதை முதலில் செய்வது எதைப் பிறகு செய்வது என்று தெரியாமல், கலங்கிப்போய் நின்றிருந்தார் ஆறு பிள்ளைகளைப் பெற்று வளர்த்த அந்தத் தாய். ஒருவர் கூடவே நின்று உதவியதும் சமையல் முடிந்துவிட்டது.

1935இல் மூளை ஆய்விதழ் ஒன்றில், இன்னொரு மருத்துவருடன் சேர்ந்து எழுதிய கட்டுரையில் பென்ஃபீல்ட் இந்தச் சமையலறைக் காட்சியைப் பதிவு செய்தார். தானாக முன்வந்து திட்டமிட்டு ஒரு செயலைத் தொடங்க மனத்துக்கு வேண்டிய ஆற்றலே அக்காளிடம் குன்றியிருந்தது என்பது அவர் முடிவு. அதை எழுதும்போது ரூத் உயிரோடில்லை. கட்டி மறுபடியும் வளர்ந்து, பாஸ்டனில் ஹார்வி குஷிங் மீண்டும் அறுவை செய்தும் பயனின்றி, 1931இல் அவர் மறைந்துவிட்டார்.

அந்தத் துயரமே பென்ஃபீல்டை விரட்டியது. மூளையை ஆராயவும் குணப்படுத்தவும் ஒரே கூரையின்கீழ் ஒரு நிலையம் வேண்டும் என்று அலைந்தார். ராக்ஃபெல்லர் அறக்கட்டளை 12 இலட்சம் டாலருக்கு மேல் வழங்க, மெக்கில் பல்கலைக்கழகத்தில் மொண்ட்ரியல் நரம்பியல் நிலையம் 1934இல் திறக்கப்பட்டது. 1960 வரை அதன் இயக்குநர் அவரே.

அங்கே நடந்தவை மருத்துவ மாணவர்கள் நன்கறிந்தவை. மூளையின் எந்தப் புள்ளி உதட்டை ஆளுகிறது, எது கட்டைவிரலை ஆளுகிறது என்று நோயாளிக்கு நோயாளி குறித்துக்கொண்டே வந்து, 1937இல் எட்வின் போல்ட்ரேயுடன் ஒரு வரைபடத்தை வெளியிட்டார். உதடும் கையும் பருத்த அந்த விகாரமான குட்டி மனிதனை இன்றும் பாடநூல்களில் காணலாம். அதைவிட வியப்பானது பொட்டு மடலில் கிடைத்தது. காதுக்கு மேலுள்ள அப்பகுதியில் மின்முனை பட்டதும் சிலருக்குப் பழைய காட்சிகள் கண்முன் ஓடின. தென்னாப்பிரிக்காவிலிருந்து வந்த இளைஞர் ஒருவர், தாயகத்துப் பண்ணையில் உறவினர்களோடு தாம் சிரித்துக்கொண்டிருப்பதைக் கண்டார். அதே நேரத்தில் மொண்ட்ரியல் அறுவைக் கூடத்தில் தாம் படுத்திருப்பதையும் உணர்ந்திருந்தார். எல்லாருக்கும் அப்படி நேர்ந்துவிடவில்லை. பொட்டு மடலில் சோதிக்கப்பட்ட 520 பேரில் 40 பேருக்கே அத்தகைய அனுபவம் கிட்டியது.

அவர் ஆராய்ந்த நோயாளிகளில் ஒருவர் பியானோ மாணவர். வாசித்துக்கொண்டிருக்கும்போதே அவருக்குச் சிறு வலிப்பு வரும். நினைவு அணைந்துவிடும், விரல்கள் மட்டும் பிசகாமல் வாசித்துக்கொண்டே போகும். இன்னொருவர் அந்த நிலையிலேயே கார் ஓட்டிச் சென்று, சிவப்பு விளக்குகளைத் தாண்டி வந்துவிட்டதைப் பிறகுதான் உணர்வார். பழகிய செயலை மூளை எனும் இயந்திரம் தானே செய்துவிடுகிறது. புதிதாக முடிவெடுக்க மட்டும் அதனால் முடிவதில்லை என்று பென்ஃபீல்ட் கண்டார்.

மனம் மூளையின் வேலைதான் என்று நிறுவும் நோக்கத்தோடுதான் அவர் தொடங்கினார். ஆனால் 1975இல், மனத்தின் புதிர் குறித்து எழுதிய சிறு நூலில், மனம் தனியானதோர் அடிப்படைப் பொருளாக இருக்கலாம் என்ற பக்கம் சாய்ந்தார். காரணம் எளிது. மின்முனையால் கையை அசைக்க முடிந்தது, நினைவை எழுப்ப முடிந்தது, பேச்சை நிறுத்த முடிந்தது. ஒரு நோயாளியையேனும் ஒன்றை நம்பவைக்கவோ முடிவெடுக்கவைக்கவோ முடியவில்லை. ஆகவே விருப்பத்தின் இருப்பிடம் மூளைப் பரப்பில் இல்லை என்று கருதினார்.

இங்கேதான் எனக்கு அவரோடு வழக்கு. தேடிக் கிடைக்காதது இல்லை என்று ஆகிவிடாது. 1991இல் இட்சாக் ஃபிரீட் குழுவினர் மூளையின் வேறொரு பகுதியைத் தூண்டியபோது, கையை அசைக்க வேண்டும் என்ற உந்துதல் நோயாளிகளுக்கு எழுந்தது. 2009இல் பிரான்சில் மிஷெல் டெமுர்ஷே குழுவினர் உச்சிப் பக்க மடலைத் தூண்டினார்கள். நோயாளிகளுக்கு அசைக்கும் விருப்பமே பிறந்தது. மின்னோட்டத்தைக் கூட்டியதும் அசையாத உதட்டை அசைத்துவிட்டதாகவே நம்பினார்கள். யாரும் அங்கே மருத்துவரைக் கைகாட்டவில்லை. இடையில் 1983இல் பெஞ்சமின் லிபெட், நாம் விரலை அசைக்க முடிவெடுத்ததாக உணர்வதற்கு ஏறக்குறைய மூன்றில் ஒரு விநாடி முன்னரே மூளையில் ஆயத்த அலை எழுகிறது என்று காட்டினார். அந்த அலை முடிவின் அடையாளமே அல்ல, மூளையின் இயல்பான ஏற்ற இறக்கமாக இருக்கலாம் என்று 2012இல் மறுப்பும் எழுந்தது. வழக்கு இன்னும் முடியவில்லை.

ஆயினும் பென்ஃபீல்டை மறுக்கப் பிரான்சுவரை போக வேண்டியதில்லை. மின்முனையால் விருப்பத்தைத் தர முடியவில்லை என்பதை எடைபோட்டவர், கத்தியால் அதன் ஒரு பகுதி பறிபோனதைத் தம் அக்காளின் சமையலறையிலேயே கண்டிருந்தார். அவரே அதை எழுதியும் வைத்தார். அந்தச் சான்றைக் கடைசி நூலில் ஏன் தராசின் மறுதட்டில் முழு எடையோடு வைக்கவில்லை என்பது என்னை உறுத்திக்கொண்டே இருக்கிறது. ஒருவேளை, ரூத் என்ற மனுஷி அந்த மடலோடு போய்விடவில்லை, அடுப்பங்கரையில் கலங்கி நின்றவர் அதே அக்காள்தான் என்று தம்பிக்குத் தோன்றியிருக்கலாம். அவரை அறியாதவர்களாகிய நாம் அதை மறுப்பது எளிது.

கியூபெக் மாநிலத்தில் மெம்ஃபிரமேகாக் ஏரிக்கரையில் அவருக்கு ஒரு பண்ணை இருந்தது. 1930களில் அங்கிருந்த பெரிய பாறையொன்றில் அவர் வண்ணம் தீட்டினார். ஒரு புறம் ஆவியைக் குறிக்கும் கிரேக்கச் சொல். மறுபுறம் மனிதத் தலை. இரண்டையும் அழுத்தமான கோடு இணைத்தது. மூளையை அறிந்தால் மனத்தையும் அறிந்துவிடலாம் என்ற இளமையின் உறுதி அது. 1976 ஏப்ரல் 5ஆம் நாள் வயிற்றுப் புற்றுநோயால் மறைவதற்குச் சில மாதங்களுக்கு முன், குளிர்காற்றுக்கு ஆறு கம்பளிச் சட்டைகளை ஒன்றன்மேல் ஒன்றாகப் போட்டுக்கொண்டு, 84 வயது முதியவர் அந்தப் பாறைக்கு வண்ணத்தோடு மீண்டும் போனார். தலையையும் அழிக்கவில்லை, கிரேக்கச் சொல்லையும் அழிக்கவில்லை. நடுவிலிருந்த கோட்டை மட்டும் விட்டு விட்டுச் செல்லும் கோடாக மாற்றிவிட்டுத் திரும்பினார்.