கோவை தந்த சபாநாயகர் ஆர்.கே. சண்முகம் செட்டியார்

சுதந்திர இந்தியாவின் முதல் நிதியமைச்சர் நம் கோவைக்காரர் என்பது பலருக்கும் தெரியும். அதற்கு முன்பே அவர் டில்லியில் சபாநாயகராக இருந்தார் என்பதை அறிந்தவர்கள் குறைவு.

ஆர்.கே. சண்முகம் செட்டியார் 1892 அக்டோபர் 17 அன்று கோவையில் ஒரு வணிகக் குடும்பத்தில் பிறந்தார். சென்னை கிறிஸ்தவக் கல்லூரியிலும் சட்டக் கல்லூரியிலும் பயின்றார். கோவை நகராட்சி உறுப்பினராகப் பொதுவாழ்வைத் தொடங்கியவர், படிப்படியாக உயர்ந்து டில்லி மத்திய சட்டசபைக்குச் சென்றார். 1933-இல் அச்சபையின் தலைவரானார். இன்றைய மக்களவைச் சபாநாயகர் பதவிக்கு முன்னோடி அதுதான். வித்தல்பாய் பட்டேல் அமர்ந்த நாற்காலி அது!

ஆனால் மறு ஆண்டுத் தேர்தலிலேயே காங்கிரஸ் வேட்பாளர் சாமி வெங்கடாசலம் செட்டியாரிடம் தோற்றார். ஆங்கில அரசோடு ஒத்துப்போகிறவர் என்ற பெயர் அவருக்கு இருந்தது. பிறகு 1935 முதல் 1941 வரை கொச்சி சமஸ்தானத்தின் திவான். எறணாகுளத்தில் அவர் பெயரால் அமைந்த சண்முகம் சாலையில் நம்மில் பலர் நடந்திருப்போம், யார் அந்தச் சண்முகம் என்று கேட்காமலே.

1947-இல் நேரு அமைத்த அமைச்சரவையில், அவரைத் தோற்கடித்த அதே காங்கிரஸ் அவருக்கு நிதித்துறையைக் கொடுத்தது. அழைத்தவர்களின் பெருந்தன்மையையும் இங்கே சொல்லத்தான் வேண்டும். அந்த ஆண்டு நவம்பர் 26 அன்று, முன்பு அவையை நடத்தியவர், சபாநாயகர் மாவ்லங்கர் முன் ஓர் உறுப்பினராக எழுந்து நின்று முதல் பட்ஜெட்டை வாசித்தார். ஏழரை மாதங்களுக்கான கணக்கு அது. வரவு 171 கோடி, செலவு 197 கோடி. பிரிவினையால் அகதிகள் வந்துகொண்டிருந்தார்கள். உணவுத் தட்டுப்பாடு வேறு.

ஓராண்டுதான். வருமான வரி விசாரணை ஆணையத்துக்கு அனுப்பிய பட்டியலிலிருந்து சிலருடைய வழக்குகள் விலக்கப்பட்டது அவையில் கேள்வியாக எழுந்தது. அமைச்சர் என்ற முறையில் பொறுப்பேற்று, 1948 ஆகஸ்டில் பதவி விலகினார். இதைக் கறை என்பவர்கள் உண்டு. பிழை பிழைதான், மறுப்பதற்கில்லை. ஆனால் பிழைக்குப் பின் நாற்காலியைப் பிடித்துக்கொண்டிருக்கவில்லையே என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. ஜான் மத்தாய் அவருக்குப்பின் நிதியமைச்சரானார்.

தமிழிசை இயக்கத்துக்குத் துணைநின்றவர், சிலப்பதிகாரத்தின் புகார்க் காண்டத்துக்கு உரை எழுதியவர் என்று தமிழுலகமும் அவரை அறியும். 1953-இல் தமது அறுபதாவது வயதில் காலமானார்.