அரியர் வைத்த தத்துவவாதி

கிளாஸ் டாப்பர்னு எல்லாரும் நம்பின ஆள் ரிசல்ட் அன்னைக்கு ஃபெயில் ஆனா எப்படி இருக்கும்? 1928-ல் பாரிஸில் அப்படி ஒரு சம்பவம் நடந்தது. பிரான்ஸில் தத்துவ ஆசிரியர் வேலைக்கு அக்ரெகாஸியோன் என்று ஒரு போட்டித் தேர்வு உண்டு. நம்ம கேட் எக்ஸாம் மாதிரி வடிகட்டி எடுப்பார்கள். நாட்டிலேயே பெரிய கல்லூரியில் படித்த, எல்லாரும் முதலிடம் என்று எதிர்பார்த்த ஒரு பையன் அதில் அவுட். அடுத்த வருஷம் மறுபடி எழுதி முதலிடம் வாங்கினார். இரண்டாம் இடம் வாங்கியது 21 வயதுப் பெண். அவருக்கு அது முதல் அட்டெம்ப்ட்!

பையன் பெயர் ழான் பால் சார்த்தர். அந்தப் பெண் சிமோன் தி பூவா. இருத்தலியம் என்ற வார்த்தையை நீங்க எங்கேயாவது கேள்விப்பட்டிருந்தால், அதற்கு இந்த இரண்டு பேர்தான் முக்கியக் காரணம்.

சார்த்தர் பிறந்தது 1905-ல். கடற்படை அதிகாரியான அப்பா, மகனுக்கு இரண்டு வயது ஆகும் முன்பே இறந்துவிட்டார். அம்மா குழந்தையைத் தூக்கிக்கொண்டு பிறந்த வீட்டுக்கே வந்துவிட்டார். தாத்தா வீடு முழுக்கப் புத்தகங்கள். சின்ன வயதிலேயே வலது கண்ணில் பார்வை போய்விட்டது, அந்தக் கண் ஒரு பக்கமாகவே திரும்பியிருக்கும். சுமார் 12 வயதில் அம்மா மறுமணம் செய்துகொண்டார். புது அப்பா யார் தெரியுமா? இன்ஜினியர். பையன் கணக்கும் அறிவியலும் படிக்க வேண்டும் என்பது அவர் ஆசை. பையன் தத்துவத்தைப் பிடித்துக்கொண்டான். நம்மில் எத்தனை பேர் வீட்டில் இந்தக் கதை வேறு மாதிரி முடிந்தது என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

படிப்பு முடிந்து, லெ ஹாவ்ர் என்ற துறைமுக ஊரில் பள்ளி ஆசிரியர் வேலை. நடுவில் பெர்லின் போய் ஜெர்மன் தத்துவம் படித்தார். 1938-ல் 'குமட்டல்' நாவல் வெளிவந்தது. அடுத்த வருஷமே போர்.

ராணுவத்தில் அவருக்குக் கொடுத்த வேலை சிரிப்பாக இருக்கும். வானிலைப் பிரிவு. பலூனைப் பறக்கவிட்டு, அது எந்தப் பக்கம் போகுது என்று பார்த்துக் காற்றின் திசையைக் குறிக்க வேண்டும். மற்ற நேரமெல்லாம் நோட்டு நோட்டாக எழுதித் தள்ளினார். 1940 ஜூன் 21 அன்று, சரியாக அவருடைய 35-வது பிறந்தநாளில், ஜெர்மன் படையிடம் பிடிபட்டார். ட்ரியர் நகரத்தில் கைதி முகாம். அங்கேயும் சும்மா இல்லை, கிறிஸ்துமஸுக்குச் சக கைதிகளை வைத்து ஒரு நாடகம் போட்டார். 1941-ல் கண்ணைக் காரணம் காட்டி வெளியே வந்துவிட்டார்.

இப்போ மெயின் மேட்டருக்கு வரேன். ஜெர்மன் ராணுவம் பிடித்து வைத்திருந்த பாரிஸில், 1943-ல், 700 பக்கத்துக்கு மேல் ஒரு புத்தகம் போட்டார்: 'இருத்தலும் இன்மையும்'. அதன் மையமே மனிதனுடைய சுதந்திரம். தெருவில் எதிரி சிப்பாய் நிற்கிறான், இவர் மனிதன் முழுச் சுதந்திரமானவன் என்று எழுதுகிறார்! போர் முடியும் சமயத்தில் இன்னும் ஒரு படி போய், அந்த ஆக்கிரமிப்புக் காலத்தில்தான் தாங்கள் மிகவும் சுதந்திரமாக இருந்ததாக எழுதினார். கிறுக்குத்தனமாகத் தெரியலாம். ஆனால் அவர் சொல்லும் சுதந்திரம் நினைத்ததெல்லாம் கிடைப்பது இல்லை. ஒரு வார்த்தை தவறிப் பேசினாலே உயிர் போகலாம் என்ற நிலையில், வாயைத் திறப்பதா மூடுவதா என்பதுகூட முழுக்க உன் முடிவு. அதைத்தான் சொன்னார்.

1945 அக்டோபர் 29 அன்று பாரிஸில் ஒரு பொது உரை. கூட்டம் தாங்காமல் நாற்காலிகள் உடைந்தன, சிலர் மயங்கி விழுந்தார்கள் என்று சொல்கிறார்கள். அதில் அவர் சொன்ன ஒரு உதாரணம் நமக்கு ஈஸியாகப் புரியும். காகிதம் வெட்டும் கத்தி. அதைச் செய்பவருக்கு அது எதற்கு என்று முதலிலேயே தெரியும். நம்ம பாஷையில் சொன்னால் ஸ்பெக் ரெடி, டிராயிங் ரெடி, அப்புறம்தான் ப்ராடக்ட். மனிதனுக்கு அப்படி டிராயிங் கிடையாது என்றார் சார்த்தர். முதலில் வந்து விழுகிறோம். பிறகு நாம் செய்கிற ஒவ்வொரு காரியத்தாலும் நாம் யார் என்பது உருவாகிறது. எனக்கு வேற வழியே இல்லை, நான் இப்படித்தான், வீட்ல சொன்னாங்க என்று சொல்வதெல்லாம், தெரிந்தே நம்மை நாமே ஏமாற்றிக்கொள்வது.

அதே உரையில் வந்த மாணவர் கதைதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. போர்க்காலத்தில் அவரிடம் ஒரு மாணவர் வந்தார். அண்ணன் ஜெர்மன் தாக்குதலில் இறந்துவிட்டார். அப்பா ஜெர்மானியர் பக்கம் சாய்கிறார். அம்மாவுக்கு இருக்கும் ஒரே ஆறுதல் இந்தப் பையன். இங்கிலாந்துக்குத் தப்பிப் போய் விடுதலைப் படையில் சேர்வதா, அம்மாவோடு இருப்பதா? சார்த்தர் எதையும் சிபாரிசு செய்யவில்லை. நீ சுதந்திரமானவன், நீயே தேர்ந்தெடு என்று அனுப்பிவிட்டார். மதமோ, ஒழுக்க விதியோ, மனசு சொல்வதோ உனக்காக முடிவெடுக்காது. யாரிடம் யோசனை கேட்கப் போகிறாய் என்பதே நீ எடுக்கும் முடிவுதான்.

படித்ததும் எனக்குக் கோபம்தான் வந்தது. நம்பி வந்த பையனுக்கு ஒரு வழி காட்டக்கூடாதா? அப்புறம் பிளேஸ்மென்ட் சீசனில், வேலையா மேல்படிப்பா என்று ஏழெட்டு பேரிடம் கேட்டேன். யார் என்ன சொல்வார்கள் என்று தெரிந்தேதான் அந்த ஏழெட்டு பேரைத் தேர்ந்தெடுத்தேன் என்பது பிறகுதான் உறைத்தது.

ஆனால் இவரை சாமியாக்கிவிடாதீங்க. 1941-ல் பாரிஸின் கொந்தோர்சே பள்ளியில் அவருக்கு வேலை கிடைத்தது. அந்த இடத்தில் முன்பு இருந்த ஆசிரியர் யூதர் என்பதற்காகச் சட்டம் போட்டு நீக்கப்பட்டவர். நடுவில் வேறொருவர் இருந்தார் என்று சார்த்தர் தரப்பில் சொல்வார்கள். சர்ச்சை இன்றும் ஓயவில்லை. பொறுப்பைப் பற்றி 700 பக்கம் எழுதியவரிடம் அந்தக் கேள்வியைக் கேட்கத்தானே வேண்டும்? 1954-ல் சோவியத் போய்வந்து அங்கே விமர்சனச் சுதந்திரம் இருக்கிறது என்று பாராட்டினார். இரண்டு வருஷத்தில் ஹங்கேரிக்குள் சோவியத் டாங்கிகள் நுழைந்தபோது கண்டித்தார். 'அந்நியன்' எழுதிய காம்யு நெருங்கிய நண்பர். 1952-ல் அந்த நட்பும் அரசியலால் உடைந்தது.

துணிச்சல் இல்லை என்று மட்டும் யாரும் சொல்ல முடியாது. அல்ஜீரிய விடுதலைக்கு ஆதரவாக, சொந்த நாட்டு அரசை எதிர்த்துக் கையெழுத்துப் போட்டார். 1961-லும் 1962-லும் அவர் குடியிருந்த கட்டடத்தில் குண்டு வைத்தார்கள். 1964-ல் நோபல் பரிசு வரப்போகிறது என்று தெரிந்து, வேண்டாம் என்று முன்கூட்டியே கடிதம் போட்டார். கடிதம் தாமதமாகிவிட்டது, பரிசை அறிவித்துவிட்டார்கள். அப்போதும் வாங்கவில்லை. 2,73,000 ஸ்வீடிஷ் குரோனர்! தென்னாப்பிரிக்க நிறவெறி எதிர்ப்புக் குழுவுக்கு அந்தப் பணம் உதவியிருக்குமே என்று வருத்தப்பட்டார். இருந்தாலும் ஓர் எழுத்தாளன் நிறுவனமாக மாறிவிடக்கூடாது என்பதில் உறுதியாக இருந்தார்.

1973-ல் இடது கண்ணும் போனது. வாழ்நாள் முழுக்க எழுதிக்கொண்டே இருந்தவரால் எழுதவோ படிக்கவோ முடியவில்லை. பூவாதான் அவருக்குப் படித்துக் காட்டினார். 1980 ஏப்ரல் 15 அன்று இறந்தார். இறுதி ஊர்வலத்தில் சுமார் 50,000 பேர்.

எங்கிருந்து தொடங்கலாம் என்று கேட்டால், 700 பக்கப் புத்தகத்தை இப்போதைக்குத் தொடாதீங்க. வெ. ஸ்ரீராம் பிரெஞ்சிலிருந்து தமிழில் தந்த 'மீள முடியுமா?' நாடகம் இருக்கிறது, ஒரே உட்காரலில் முடித்துவிடலாம். என்றைக்காவது பாரிஸ் போனால் மோன்பர்னாஸ் கல்லறைத் தோட்டத்தையும் பாருங்க. 1986-ல் பூவாவையும் அங்கேயே, அவர் பக்கத்திலேயே அடக்கம் செய்தார்கள். 1929 ரேங்க் லிஸ்டின் முதல் இரண்டு பெயரும் இப்போது ஒரே கல்லில் இருக்கின்றன.